வித்வானைப் பிடித்த நண்டு

தாழங்குளத்துத் தவளையார் பெரிய பாட்டு வித்வான். அவர் தொண்டையைத் திறந்தால் மழையே வரும் என்று காடெல்லாம் பேச்சு. மழைக்காலத்தில் எந்தத் தவளை கத்தினாலும் மழைதான் வரும், அது வேறு விஷயம்!

அவருக்குக் கபடிப் பைத்தியம் என்பது மட்டும் யாருக்கும் தெரியாது. கச்சேரி முடிந்து கூட்டம் கலைந்ததும், புதருக்குப் பின்னால் போய்க் கோடு கிழிப்பார். 'கபடி, கபடி' என்று மூச்சு விடாமல் பாய்வார். எதிராளி ஒரு பனங்கொட்டை. பனங்கொட்டை எங்கே எழுந்து பிடிக்கப் போகிறது?

ஒருநாள் மாலை ஆசை தாங்காமல் ஆற்று மணலுக்கே போய்விட்டார். அங்கே முயலும் அணிலும் ஓணானும் கபடி ஆடிக்கொண்டிருந்தன.

"என்னையும் சேத்துக்கோங்களேன்!"

"ஐயோ, நீங்களா! உட்காருங்க, தலைமை தாங்குங்க!" என்று முயல் தாமரை இலையை விரித்தது.

"நான் ஆட வந்தேன்பா!"

பெரியவர் ஆசைப்படுகிறாரே என்று ஆட விட்டன. தவளையார் கபடி பாடிக்கொண்டு கோட்டைத் தாண்டினார். ஒருத்தரும் பிடிக்கவில்லை! "ஆஹா, என்ன சுருதி!" என்று அணில் கண்ணை மூடிக்கொண்டது. தொடை தட்டி மல்லுக்கு நிற்க வேண்டிய ஓணான், அதே தொடையில் தாளம் போட்டது!

அத்தனை பேரையும் தொட்டுவிட்டுத் திரும்பினார். எல்லோரும் அவுட். இதற்குப் பனங்கொட்டையே தேவலை என்றிருந்தது அவருக்கு.

ஓரமாக நின்ற ஒரு நண்டு முன்னால் வந்தது. எங்கோ தூரத்துக் குளத்திலிருந்து நேற்றுதான் குடிவந்தது; தவளையார் யாரென்றே அதற்குத் தெரியாது.

"இன்னொரு தடவை பாடி வாய்யா, பாக்கலாம்!"

வந்தார். கபக்கென்று காலைக் கவ்வி, குப்புற இழுத்துப் போட்டது நண்டு! மூச்சு போயிற்று. வாயெல்லாம் மண். தவளையாருக்குப் பிறந்ததிலிருந்து அப்படி ஒரு சந்தோஷம் வந்ததில்லை.

"அடப்பாவி! யார் மேல கை வச்சே தெரியுமா?" என்று பாய்ந்தது முயல்.

"பாடி வந்தாரு, பிடிச்சேன். பின்னே ஆரத்தியா எடுப்பாங்க?"

எல்லாமாகச் சேர்ந்து நண்டை ஆற்றில் தூக்கி எறிந்தன. தவளையாருக்கு மூச்சு திரும்பி, "ஐயோ, அவனை விடுங்க! அவன் ஒருத்தன்தான் ஆடினான்!" என்று கத்துவதற்குள் வெள்ளம் அதை அடித்துக்கொண்டு போய்விட்டது.

"தள்ளிவிட்டவனுக்கே பரிஞ்சு பேசறார் பாருங்க, என்ன பெருந்தன்மை!" என்று உருகியது அணில். பிறகு அவரைத் துடைத்து, தாமரை இலையில் உட்கார வைத்து, "ஒரு பாட்டு!" என்றன.

பாடினார். நண்டின் கொடுக்குப் பட்ட இடத்தைத் தடவிக்கொண்டே பாடினார்.

ஒருவரை எட்டாத உயரத்தில் உட்கார வைத்துக் கும்பிடுவது மரியாதையாக இருக்கலாம், துணையாகாது.