பனியாத்தா ஏன் மூச்சு விடல

போர்வைய நல்லா இழுத்துக்கோ தேனு. அத்தை சொல்லச் சொல்ல நீ ம் கொட்டணும். சத்தம் நின்னுச்சுன்னா தூங்கிட்டேன்னு நெனச்சுப்பேன்.

"ம்."

நாம இப்போ போற தேசத்துல ஆறும் கெடையாது, கடலும் கெடையாது. ரெண்டே ரெண்டு மலை. நடுவுல பெரிய பள்ளம். அந்தப் பள்ளம் முழுக்க மூடுபனி. பால் மாதிரி கெட்டியா இருக்கும், அதுமேல ஓடம் விடுவாங்க. துடுப்பு போட்டா புஸ்... புஸ்னு கேக்கும், அவ்வளவுதான். மேக்கால மலையில அங்காயின்னு ஒரு மருத்துவச்சி இருந்தா. ரெண்டு மலையிலயும் பொறந்த புள்ளைங்க எல்லாம் அவ கையில விழுந்த புள்ளைங்கதான்.

"பனி எங்கேருந்து வரும் அத்தை?"

அதைத்தான் சொல்ல வரேன். பள்ளத்தோட அடியில பனியாத்தான்னு ஒண்ணு இருக்காம். யாரும் பாத்ததில்ல. அது விடற மூச்சுதான் பனியா மேல வருதுன்னு ஊர்ல பேச்சு.

ஒரு நாள் காலையில பாத்தா, பனி ஒரு ஆள் ஒசரம் எறங்கிக் கெடந்துது. மறுநாள் இன்னும் எறங்குச்சு. மூணாம் நாள் ஒண்ணுமே இல்ல. ஓடமெல்லாம் சரிவுல பாறைமேல சாஞ்சு கெடக்குது. அப்போ பாத்து எதுத்த மலையிலேருந்து டம், டம், டம்னு மொரசு கேட்டுது. மூணு அடி அடிச்சா பிரசவ வலின்னு அர்த்தம். அங்க மின்னின்னு ஒரு பொண்ணு. அவளுக்கு இதுதான் தலைச்சன் புள்ள.

அங்காயி துணி மூட்டைய இடுப்புல கட்டிக்கிட்டா. "நடந்தே போறேன்"னா.

ஓடக்காரரு வீரணன் வழிய மறிச்சாரு. "அடியில என்ன இருக்குன்னு யாருக்குக்கா தெரியும்? போகாத."

"அங்க ஒருத்தி வலியில கெடக்கறது தெரியுமில்ல. விடுப்பா"ன்னு சொல்லிட்டு அவ எறங்கிட்டா.

எறங்குனா, எறங்குனா, எறங்கிக்கிட்டே இருந்தா. கல்லு சரசரன்னு உருளுது. அப்புறம் ஒரு வழியா அடிக்குப் போயிட்டா. அங்க பச்சைப் பசேல்னு புல்லு. நடுவுல ஒண்ணு படுத்திருக்குது. நாலு யானை அளவு பெருசு. ஆனா ஒடம்பு சல்லாத் துணி மாதிரி. பின்னாடி இருக்கற செடியெல்லாம் அது வழியாவே தெரியுது. அவ்வளவு பெருசு படுத்திருந்தும் கீழ ஒரு புல்லு கூட மடங்கல.

"கண்ணு இருக்கா அதுக்கு?"

இருக்கு. வெளிர் நீலத்துல ரெண்டு கண்ணு. வாய் மட்டும் கெடையாது. முகத்துல ஒரே ஒரு மூக்குத்துளை. அந்தத் துளை வாசல்ல ஒரு குருவிக் கூடு. தாய்க்குருவி அடை காத்துக்கிட்டு இருக்குது.

அங்காயி அப்படியே நின்னுட்டா. அப்போ அவ நெஞ்சுக்குள்ள ஒரு குரல் கேட்டுது. பனியாத்தா அப்படித்தான் பேசும்.

"மெல்ல வா தாயி. குருவி பயந்துக்கும்."

"நீ ஏன் ஆத்தா மூச்சு விடல?"

"விட்டா கூடு பறந்துடும். மூணு நாளா அடக்கி வச்சிருக்கேன். குஞ்சு பறக்கற வரைக்கும் அடக்கிக்கறேன்."

"அதுக்கு இன்னும் ஒரு மாசம் ஆகுமே."

பனியாத்தாவோட ஒடம்பு ஓரமெல்லாம் தண்ணியில போட்ட உப்பு மாதிரி கரைஞ்சுக்கிட்டு இருந்துது. நாளைக்குக் கூட தாங்காதுன்னு அங்காயிக்குத் தெரிஞ்சுபோச்சு. மேல மறுபடியும் டம், டம், டம். அவ போயிடலாம்னு ஒரு அடி எடுத்து வச்சா. மனசு கேக்கல. திரும்பி வந்தா.

"ம்..."

மொதல்ல கூட்டை ரெண்டு கையாலயும் தூக்கி, பக்கத்துல ஒரு மரக்கெளையில வச்சா. தாய்க்குருவி கீச் கீச்னு கத்திக்கிட்டு பழைய எடத்தையே சுத்தி சுத்தி வருது. புது எடத்துக்கு வரவே இல்ல. முட்டை சில்லுனு ஆறுது. சரின்னு திருப்பி அங்கயே வச்சுட்டா.

அப்புறம் மூட்டையிலேருந்து துணிய எடுத்து கூட்டைச் சுத்தி அண்டக் குடுத்தா. "இப்போ விட்டுப் பாரு ஆத்தா"ன்னா. பனியாத்தா விட்டுது பாரு, புஸ்ஸ்ஸ்னு. துணி பறந்துது, கூடு சாஞ்சுது, ஒரு முட்டை உருண்டுது. அங்காயி தாவி கையில புடிச்சா. அவ கை பனியாத்தாவோட கன்னத்துக்குள்ளயே போயிட்டு வந்துது, ஐஸ் மாதிரி. பனியாத்தா பயந்துபோயி மறுபடியும் அடக்கிக்கிச்சு.

அங்காயி முட்டைய உள்ள வச்சுட்டு புல்லுல உக்காந்தா. இந்நேரம் மின்னிகிட்ட இருந்தா வலிக்கு மூச்ச எப்படி விடச் சொல்லியிருப்பேன்னு நெனச்சா. நெனச்சுட்டு பனியாத்தா முகத்துகிட்ட குனிஞ்சா.

"அடக்கவும் வேணாம், மொத்தமா விடவும் வேணாம். பூ மேல தூசிய ஊதுவோமில்ல, அப்படி. என் கூடவே விடு. ஃபூ..."

"ஃபூ..."

"இன்னும் கொஞ்சம் சின்னதா. ஃபூ..."

"ஃபூ..."

கூடு ஆடல. குருவி ஒரு கண்ணத் தொறந்து பாத்துட்டு மூடிக்கிச்சு. துளையிலேருந்து நூல் மாதிரி பனி வந்துது. கரைஞ்சுக்கிட்டு இருந்த ஓரம் நின்னுது. அங்காயி நூறு மூச்சு கூட இருந்துட்டு, "எனக்கு அங்க ஆள் காத்திருக்கு ஆத்தா"ன்னா.

"போ தாயி. எனக்கு வந்துடுச்சு."

அவ கெழக்கால மலை ஏறுனா. மூச்சு வாங்க வாங்க மின்னி வீட்டுக்குள்ள போறா, புள்ள தலை தெரியுது. மின்னி அவ கையை இறுக்கிப் புடிச்சுக்கிட்டு, "வரமாட்டேன்னு நெனச்சுட்டேன்"னு அழுதா. கொஞ்ச நேரத்துல குவா குவான்னு ஒரு பொட்டப்புள்ள.

"ம்."

அந்த மாசம் முழுக்க பனி பாதிப் பள்ளத்துக்குத்தான் இருந்துது. ஓடமேற ரெண்டு மலை ஜனங்களும் சரிவுல பாதி தூரம் எறங்கிப் போனாங்க. அங்காயி நடந்ததைச் சொன்னதும் யாரும் குத்தம் சொல்லல. குருவி பயந்துடுமேன்னு மொரசு கூட அடிக்காம, வெள்ளைத் துணிய ஆட்டி சேதி சொல்லிக்கிட்டாங்க.

அப்புறம் ஒரு நாள் மத்தியானம். மின்னியோட புள்ளையக் குளிப்பாட்டி சாம்பிராணி காட்டிக்கிட்டு இருந்தா அங்காயி. பள்ளத்துலேருந்து விர்ருனு ஒரு குருவி மேல வந்துது. அது பின்னாடி ஒண்ணு. இன்னொண்ணு. இன்னொண்ணு. நாலும் வெயில்ல பறந்து போச்சு.

அதுக்கப்புறம் அடியிலேருந்து... ஹ்ஹ்ஹா...னு நீளமா ஒரு மூச்சு. ஒரு மாசமா சின்னச் சின்னதா விட்டு, மிச்சத்தை அடக்கி வச்ச மூச்சு. பனி மெத்து மெத்துன்னு மேல வந்துது. ஓடத்தத் தூக்குச்சு. வாசப்படி ஏறுச்சு. தூளிக்குள்ள போச்சு. அந்த மூச்சு பட்டதும் எல்லாருக்கும் கண்ணு சொக்குச்சு. வீரணன் துடுப்புமேலயே சாஞ்சு தூங்கிட்டாரு. மின்னி தூங்கிட்டா. புள்ளைய மடியில வச்சுக்கிட்டு அங்காயியும் தூங்கிட்டா. ரெண்டு மலையும் பட்டப்பகல்ல தூங்குச்சு.

தேனு?

சரி. ஓடம் கரைக்கு வந்துடுச்சு, கதையும் எறங்கிடுச்சு. தூங்குடா கண்ணு.