இரண்டு மடிப்புத் தள்ளுபடி

ஆடி பிறந்ததும் ஜவுளிக்கடை முதலாளி கோதண்டம் வாசலில் ஒலிபெருக்கி கட்டினார். "ஐம்பது சதவீதம் தள்ளுபடி! அதற்கு மேல் இன்னொரு ஐம்பது! ஆக மொத்தம் நூறு!" என்று தானே முழங்கினார்.

அதைக் கேட்டு அரிசி ஆலை சிங்காரவேலு உள்ளே வந்தார். நாலாயிரம் ரூபாய்ப் பட்டுச்சேலை ஒன்றைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, "நூறும் தள்ளியாச்சு. அப்ப இது இனாம்தானே?" என்றபடி வாசலைப் பார்த்து நடந்தார்.

முதலாளிக்கு வியர்த்தது. சேலை விற்கும் செண்பகத்திடம், "காசும் வரணும், அவர் கோபிக்கவும் கூடாது. இல்லேன்னா நாளைக்கு நீ வேலைக்கு வராதே" என்று கிசுகிசுத்துவிட்டுத் தூணுக்குப் பின்னால் போய் நின்றார்.

"அண்ணாச்சி, கொடுங்க, பெட்டியில போட்டுத் தாரேன்" என்று செண்பகம் சேலையை வாங்கி நீளமாக விரித்தாள். பாதியாக மடித்தாள். "இது முதல் ஐம்பது. விலை ரெண்டாயிரம் ஆச்சு." மடித்ததை மறுபடி பாதியாக மடித்தாள். "இது ரெண்டாவது ஐம்பது. சேலை காணாமப் போயிருச்சா, அண்ணாச்சி?"

"கால்வாசி நீளம் கிடக்கே!"

"விலையும் அப்படித்தான் கால்வாசி கிடக்கு. ஆயிரம் கொடுங்க."

சிங்காரவேலு சிரித்துவிட்டார். பணத்தை எடுத்து வைத்தவர், "சரி தாயி, உங்க முதலாளி நூறுன்னு கத்தினாரே, அது என்ன?" என்று கேட்டார்.

"அவர் பேச்சையும் ரெண்டு மடிப்பு மடிச்சுத்தான் கேட்கணும், அண்ணாச்சி."

கடையே சிரித்தது. தூணும் சேர்ந்து இருமியது.

மறுநாள் செண்பகம் வேலைக்கு வந்தாள். ஒலிபெருக்கிதான் வரவில்லை.