சாவடித் தெருவில் நின்றவள்

"வாத்தியாரே, ஒரு கிழவி படத்தையே கெடுத்துட்டா. வெட்டிடட்டுமா?"

அய்யாக்கண்ணு நெகட்டிவ் சுருளை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்திருந்தான். கொத்தவால் சாவடிக் கடைத்தெருவை அவன் தனியாக எடுத்த முதல் படம்; நெகட்டிவைப் பார்ப்பதும் இதுதான் முதல் தடவை. பேசாத படம். மூட்டை தூக்குகிறவர்கள், மாட்டு வண்டி, கீரைக்காரி, அவ்வளவுதான். நடுவில் ஒரு நரைத்த தலை வந்து இவன் பக்கமே பார்த்துக்கொண்டு நிற்கிறது.

படம் பிடிக்கக் கற்றுக்கொடுத்த வாத்தியார் ஆரோக்கியம் அவனைவிடப் பத்து வயது சின்னவர்.

"பிரிண்ட் போட்டுப் பாத்துட்டு வெட்டுங்கண்ணே."

"வெள்ளிக்கிழமை கொட்டகையில காட்டணும். சனங்க சிரிப்பாங்க."

"போட்டுப் பாருங்க."

படம் எடுத்த மறுநாள் அய்யாக்கண்ணுவின் மனைவி செங்கமலம் காலராவில் போய்விட்டாள். முப்பது நாள் கழித்து இன்றுதான் வேலைக்கு வந்திருக்கிறான். ஊரையெல்லாம் படம் பிடிக்கிறவன் வீட்டில் அவளுக்கென்று ஒரு படம் இல்லை. முகம் மறந்துவிடுமோ என்று அவனுக்குப் பயம்.

பிரிண்ட் காய்ந்தது. கதவைச் சாத்திச் சுவரில் ஓட்டினார்கள்.

நெகட்டிவில் வெள்ளையாக இருந்ததெல்லாம் சுவரில் கறுப்பாக வந்தது. நரைத்த தலையும் கறுத்தது.

கிழவி இல்லை. செங்கமலம்.

அய்யாக்கண்ணு எழுந்துவிட்டான்.

ஒரு கையால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். ஏதோ சொல்கிறாள். காத்திருக்கிறாள். மறுபடி சொல்கிறாள். பிறகு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வண்டிக்குப் பின்னால் போய்விடுகிறாள்.

"அன்னிக்கி சாயங்காலந்தான் அவளுக்கு வாந்தி கண்டுச்சுன்னு நெனச்சேனே! பத்தடியில வந்து நின்னிருக்காளே! நான் பாக்கலியே, வாத்தியாரே!"

ஆரோக்கியம் ஓட்டுவதை நிறுத்தினார். யார் கூப்பிட்டாலும் நிமிராதீங்க, கேமராக் கைப்பிடியை எண்ணி எண்ணிச் சுத்துங்க, கணக்கு தவறினா படம் போச்சு. அவர் சொல்லிக்கொடுத்த முதல் பாடம் அதுதான்.

"இன்னொரு தடவ ஓட்டுங்க."

ஓட்டினார். அவள் வாய் திறந்து மூடியது.

"என்ன சொன்னாங்கண்ணே? காதுல விழுந்திருக்குமே?"

அய்யாக்கண்ணு கண்ணை மூடினான். அந்த வெயில் நினைவுக்கு வந்தது. கைப்பிடியின் சூடு நினைவுக்கு வந்தது. எதிரில் யாரோ பேசியதுகூட நினைவுக்கு வந்தது.

அவன் உதடு அசைந்தது.

"நூத்தி நாப்பது," என்றான். "நூத்தி நாப்பத்தொண்ணு. நூத்தி நாப்பத்திரெண்டு..."