பாறையில் எழுதிய பாராட்டு

ஒரு காட்டில் எழுதியதெல்லாம் நடந்தது. அங்கே ஒரு மைமரம் இருந்தது. அதன் பட்டையைக் கீறினால் கறுப்பாகப் பால் வடியும். அந்த மையைத் தொட்டு எழுதி, எழுதியதை யாராவது உரக்கப் படித்துவிட்டால் போதும், அது அப்படியே நடந்துவிடும்.

ஆகவே அந்தக் காட்டில் எழுதத் தெரிந்தவர்களுக்கு நல்ல மரியாதை. மந்திர எழுத்தர்கள் என்று அவர்களுக்குப் பெயர். முள்ளம்பன்றி உதிர்க்கும் முள்தான் பேனா, தேக்கிலைதான் தாள். இலை காய்ந்து நொறுங்கினால் மந்திரமும் தீர்ந்துவிடும். அதற்கு முன்பே அழிக்க வேண்டுமென்றால், எழுதிய அதே முள்ளால் சுரண்ட வேண்டும். குழந்தைகளே, இதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஆண்டுதோறும் கோடை தொடங்கும்போது சிறந்த எழுத்தருக்குப் பொன்முள் விருது கொடுப்பார்கள். விருது பெற்றவர்தான் அந்தக் கோடைக்கு மழை எழுத வேண்டும். விருதுக் குழுவின் தலைவர் கரடி. அது தேனைத் தவிர வேறு எதையும் கூர்ந்து பார்த்ததில்லை. செயலாளர் நரி.

அந்த ஆண்டு விருது மயிலுக்குக் கிடைத்தது. மயில் நன்றாகத்தான் எழுதும், அதைக் குறை சொல்லக் கூடாது. அந்தச் செய்தியை மயிலுக்கு யாரும் புதிதாகச் சொல்லத் தேவையில்லை என்பதுதான் தொல்லை.

நரி மயிலிடம் வந்தது. "விழாவில் ஒரு பாராட்டுரை படிக்க வேண்டும். வழக்கம்போல நீங்களே எழுதிக் கொடுத்துவிட்டால் எங்களுக்குச் சௌகரியம்" என்றது.

என்னைப் பற்றி நானே எழுதுவதா என்று மயில் வெட்கப்பட்டது. வெட்கப்பட்டு முடித்ததும், இலையில் எழுதினால் காய்ந்துவிடுமே, குளக்கரைப் பாறையில் எழுதலாமா என்று கேட்டது.

பக்கத்தில் முள்ளம்பன்றி உட்கார்ந்திருந்தது. அதுவும் ஓர் எழுத்தர்தான். மனதில் பட்டதை அப்படியே சொல்லிவிடுவது அதன் சுபாவம். "பாராட்டுரையில் எல்லோரும் கொஞ்சம் கூட்டித்தான் எழுதுவோம். அதனால்தான் இலையில் எழுதுகிறோம். சீக்கிரம் உதிர்ந்துவிடும்" என்றது.

மயில் நரியின் பக்கம் திரும்பி, "இந்த ஆண்டும் இவருக்குக் கிடைக்கவில்லை, பாவம்" என்றது.

விழாவுக்கு முதல் நாளே பொன்முள்ளைக் கேட்டு வாங்கி, அதை அலகில் பிடித்து, மயில் பாறை முழுவதும் எழுதியது. மைமரத்து மையில் எழுதுகிறோம் என்பது அதற்குத் தெரியாமல் இல்லை. உண்மையைத் தவிர வேறு எதையும் எழுதவில்லை என்று அது நம்பியது.

விழா நாளில் கரடி மயிலுக்குப் பொன்னாடை போர்த்தியது. பிறகு பாறையைப் பார்த்து, குழுவே எழுதியதைப் போல உரக்கப் படித்தது.

"மயிலாரைப் பாராட்டிக் குரங்குகள் தட்டும் கை ஓய்வதே இல்லை. எழுத வேண்டியதையெல்லாம் மயிலார் எழுதி முடித்துவிட்டார். இனி இந்தக் காட்டில் எவரும் எழுத ஒன்றும் இல்லை."

குரங்குகள் கைதட்டின. மயில் தலை வணங்கியது. குரங்குகள் தட்டிக்கொண்டே இருந்தன. மயில் மறுபடியும் வணங்கியது. விழா முடிந்து, விருந்து முடிந்து, கரடி வீட்டுக்குப் போன பிறகும் கைதட்டல் நிற்கவில்லை. நல்ல கூட்டம் என்று மயில் நினைத்துக்கொண்டது.

வெயில் ஏறியது. குளம் வற்றிச் சேறாகி, சேறும் காய்ந்து வெடித்தது. மழை எழுதச் சொல்லி எல்லா விலங்குகளும் மயிலிடம் வந்தன. மயில் மைமரத்தின் பட்டையைக் கீறியது. ஒரு சொட்டுக்கூட வரவில்லை. முள்ளம்பன்றி கொட்டாங்கச்சியில் சேர்த்து வைத்திருந்த மையைக் கொண்டுவந்தது. அது வெறும் தூளாகக் கிடந்தது. எல்லா விலங்குகளும் மெதுவாகப் பாறையைத் திரும்பிப் பார்த்தன. குரங்குகளும் கைதட்டிக்கொண்டே பார்த்தன.

"ஒரு நல்ல மழை பெய்தால் அந்த எழுத்து கரைந்துவிடாதா?" என்று கரடி கேட்டது.

"கரையலாம். ஆனால் மழை பெய்ய யாராவது எழுத வேண்டுமே" என்றது நரி.

கரடி கொஞ்ச நேரம் யோசித்தது. "அப்படியானால் மழை வந்த பிறகு எழுதிக்கொள்ளலாம்" என்றது.

என்ன செய்ய வேண்டும் என்று மயிலுக்குத் தெரியும். அது பொன்முள்ளைப் பார்த்தது. கல்லில் தேய்த்தால் பொன் எதற்கு ஆகும்? இதைக் குழு கூடித்தான் முடிவு செய்ய வேண்டும் என்றது மயில். கூட்டத்துக்கு நாள் குறிக்கலாம் என்றது நரி.

அப்போது ஒரு பெண்மான் முன்னே வந்தது. அதன் குட்டியால் நிற்க முடியவில்லை. பாறையின் அடியில் நிழல் விழுந்த இடம் கொஞ்சம் குளிர்ச்சியாக இருந்ததால், அங்கே படுத்துக் கல்லை நக்கிக்கொண்டிருந்தது.

"ஐயா, இதை என் குட்டி எவ்வளவு நேரம் நக்கும்?" என்று மான் கேட்டது. அது குரலைக்கூட உயர்த்தவில்லை.

மயிலுக்கு வெட்கமாக இருந்தது. இது நரியிடம் காட்டிய வெட்கம் அல்ல.

அது பாறைமேல் ஏறி, கடைசி வரியிலிருந்து சுரண்டத் தொடங்கியது. பொன் பொடிப்பொடியாக உதிர்ந்தது. அலகு வலித்தது. தன் புகழைத் தானே சுரண்டுகிற மயிலைப் பார்த்துக் குரங்குகள் விடாமல் கைதட்டின. 'எழுத ஒன்றும் இல்லை' என்ற வரி அழிந்ததும் மைமரத்தில் மை கசிந்தது.

பொன்முள் விரல்நகம் அளவுக்குத் தேய்ந்திருந்தது. அதையாவது வைத்துக்கொள்ளலாம் என்று மயில் இறங்கப் பார்த்தது. ஆனால் குரங்குகளின் உள்ளங்கைகள் வீங்கிச் சிவந்திருந்தன. அவை தட்டிக்கொண்டே மயிலைப் பார்த்து அழுதன. மயில் பெருமூச்சு விட்டுவிட்டு முதல் வரியையும் சுரண்டியது. பொன்முள் முழுவதும் தீர்ந்துபோனது. கைதட்டல் நின்றது.

முள்ளம்பன்றி தன் முள் ஒன்றைப் பிடுங்கி நீட்டியது. ஏதோ சொல்ல வாயெடுத்தது. மான்குட்டியைப் பார்த்துவிட்டு, சொல்லாமல் விட்டது.

மயில் ஒரு தேக்கிலையில் 'மழை பெய்க' என்று எழுதியது. கீழே தன் பெயரைப் போடவில்லை. மான் அதை உரக்கப் படித்தது.

மழை பெய்தது. குளத்தில் தண்ணீர் ஏறியது. அன்று மயிலுக்காக யாரும் கைதட்டவில்லை. எல்லா வாய்களும் தண்ணீரில் இருந்தன.

நீதி: தன் புகழைத் தானே எழுதுபவர், அதைத் தானே சுரண்டவும் வேண்டியிருக்கும்.