பாதித் தாடி சர்க்கார்

அயல்நாட்டுப் படை வந்து நாட்டைப் பிடித்ததா, "புது சர்க்கார் அமைக்கிறேன்! பழைய ராஜாவிடம் ஊழியம் பார்த்தவர்கள் இனித் தொழிலைத் தொட்டால் சிறை!" என்று முரசறைந்தான் தளபதி. மதகுக்காரர் முதல் மருத்துவச்சி வரை கையைக் கட்டி உட்கார்ந்துவிட்டார்கள். நாவிதர் செங்கோடன் மகளுக்கோ இடுப்பு வலி கண்டுவிட்டது!

அன்றைக்குத்தான் பதவியேற்பு. வாசலில் ஊரே கூடி நிற்க, உள்ளே தளபதிக்குத் தாடி மழித்துக்கொண்டிருந்த செங்கோடன் பாதியில் கத்தியை மடக்கினார்.

"ஏண்டா நிறுத்தினே?"

"பழைய ராஜாவுக்கும் நான்தானுங்க சவரம். இப்பத்தான் ஞாபகம் வந்துச்சு. சிறைக்குக் கிளம்பட்டுங்களா?"

"சட்டம் ரத்து! மழிடா!"

"வாசல்ல சொல்லுங்க சாமி. ஊர் கேட்டாத்தானே சட்டம்?"

பதவியேற்பு மேளம் முழங்கியது. பாதித் தாடியோடு வந்து தளபதி சட்டத்தை ரத்து செய்ய, ஊரே விழுந்து விழுந்து சிரித்தது. மருத்துவச்சிக்கு மட்டும் சிரிக்க நேரமில்லை. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு செங்கோடன் வீட்டுக்கு ஓடினாள்.