அடித்தண்ணீர் எழுந்த நாள்

தண்ணீருக்கும் நெருப்புக்கும் வாய் இருந்த காலம் அது. அப்போதெல்லாம் பானையில் ஊற்றிய தண்ணீர் ஊற்றிய இடத்திலேயே கிடக்கும். அடுப்பை மூட்டினால் அடித்தண்ணீர் மட்டும் கிடந்து வேகும். மேல்தண்ணீர் குளுகுளுவென்று உட்கார்ந்து வேடிக்கை பார்க்கும்.

அறுப்பு ஆட்களுக்குச் சோறு பொங்குகிறவள் காத்தாயி. அன்றைக்கும் மேலாக நாலு பருக்கையை எடுத்து நசுக்கிப் பார்த்தாள். நறுக்கென்றது. அடியிலிருந்தோ தீய்ந்த வாசனை.

"அடியில கரி, மேல அரிசி! இதைப் போட்டா என் மூஞ்சியிலயே கொட்டுவாங்க" என்று கத்திக்கொண்டே இன்னும் இரண்டு கட்டையை அடுப்பில் திணித்தாள்.

அடித்தண்ணீருக்கு உயிர் போனது. "அண்ணே, ஆவியாகிச் செத்துருவோம் போலிருக்கு. ஆளுக்குக் கொஞ்ச நேரம் அடியில இருப்போமே?"

"நாங்க மேல இருக்கறதுக்குன்னே வந்தவங்க" என்றது மேல்தண்ணீர்.

"ஒரே குடத்துல வந்தவங்கதானே நாம? முதல்ல விழுந்தது எங்க குத்தமா? சரி, பாதி வேணாம். கால்வாசி நேரம் மாறிக்குங்க."

"ஒரு நொடிகூடக் கிடையாது. கத்தாம வேகு."

நியாயமாகக் கேட்டாயிற்று, இறங்கி வந்தும் கேட்டாயிற்று. இதற்கு மேலும் கெஞ்சுகிறவன் கெஞ்சிக்கொண்டே சாக வேண்டியதுதான். அடித்தண்ணீர் நெருப்பின் பக்கம் திரும்பியது.

"உன் சூடு மொத்தத்தையும் இங்க கொடு!"

நெருப்பே மிரண்டுபோனது. "தாங்க மாட்டே."

"கொடுய்யான்னா!"

சூட்டை வாங்க வாங்க அது உப்பியது. உப்ப உப்ப லேசானது. வாங்கிய சூட்டை முதுகில் சுமந்தபடி, மேல்தண்ணீரைப் பிளந்துகொண்டு விருட்டென்று எழுந்தது. குளிர்ந்து கனத்துக் கிடந்த மேல்தண்ணீர் அந்தக் காலி இடத்தில் போய் விழுந்தது.

"ஐயோ, சுடுதே!"

"சுடுதா? இத்தனை காலமா எங்களுக்கு மட்டும் ஜில்லுன்னா இருந்துச்சு?"

கீழே போனது சூடேறி எழுந்தது. மேலே வந்தது ஆறிக் கனத்து இறங்கியது. பானைத் தண்ணீர் தளதளவென்று புரண்டது. காத்தாயி மறுபடி பருக்கையை நசுக்கினாள். மாவாய் மசிந்தது.

தண்ணீர் சூட்டைச் சுமந்துகொண்டு தானே இடம் மாறுகிற இந்தக் காரியத்துக்குத்தான் வெப்பச்சலனம் என்று பெயர். சலனம் என்றால் அசைவு. மேலே இருந்தவர்கள் யாரும் மனமிரங்கி மேல் இடத்தைக் கொடுத்துவிடவில்லை. வெந்தவன் எழுந்து வாங்கினான். அந்த நாளுக்குப் பிறகுதான், கொதிக்கிற எந்த உலையிலும் எந்தத் தண்ணீரும் மேலேயே உட்கார்ந்திருக்க முடியாமல் போனது.