வேப்பமரத்தடி ஸ்கூட்டர்

உதவி ஆய்வாளர் எபனேசருக்குக் கொலை வழக்குகூட இவ்வளவு தலைவலி கொடுத்ததில்லை. கொடுத்தது ஒரு சாம்பல் நிற ஸ்கூட்டர். சித்தனூர் காவல் நிலையத்து வேப்பமரத்தடியில் நின்ற அந்த வண்டிக்கு மூன்று பேர் உரிமை கொண்டாடினார்கள். மூன்று பேரும் சொன்னது உண்மை. பொய் சொல்கிறவர்களை எப்படிக் கையாள்வது என்று எபனேசருக்குப் பயிற்சி உண்டு. உண்மை சொல்கிற மூன்று பேரை என்ன செய்வது என்று யாரும் அவருக்குக் கற்றுக்கொடுக்கவில்லை.

நடந்தது இதுதான். ஆசீர் என்ற பழைய வண்டி வியாபாரி திருட்டு வண்டிகளை வாங்கிப் பிரித்து, ஒன்றின் உடம்பில் இன்னொன்றின் எஞ்சினை மாட்டி விற்றுவந்தான். ஒருநாள் பிடிபட்டான். செய்தி பத்திரிகையில் வந்த மறுநாள் காலை, பின்னால் இரு பக்கமும் கூடுதல் சக்கரம் பொருத்திய ஸ்கூட்டர் ஒன்று ஸ்டேஷன் வாசலில் வந்து நின்றது. ஓட்டி வந்தவள் பூரணவல்லி. சிறு வயதிலேயே போலியோவில் இரண்டு கால்களும் சூம்பிப்போனவள். பக்கத்து ஊர்ப் பள்ளியில் சத்துணவு அமைப்பாளர். அடுப்பு பற்றவைக்கும் முன் அங்கே இருந்தாக வேண்டிய வேலை.

"ஆசீர்கிட்டதான் சார் வாங்கினேன். பேப்பரப் பாத்ததுல இருந்து மனசு கேக்கல. திருட்டு வண்டியான்னு பாத்துச் சொல்லுங்க" என்றாள்.

பார்த்தார்கள். உடம்பில் பொறித்திருந்த சேஸிஸ் எண் ஒருவருடையது, எஞ்சின் எண் வேறொருவருடையது. எபனேசர் வண்டியைக் கைப்பற்றி, அவளை ஆட்டோவில் ஏற்றி அனுப்பினார். ஊன்றுகோல்களை அவள் ஒவ்வொன்றாக உள்ளே இழுத்துக்கொண்டதைப் பார்க்கப் பிடிக்காமல் சட்டென்று அறைக்குள் போய்விட்டார்.

பிறகு மற்ற இருவரும் வந்தார்கள். உடம்புக்குச் சொந்தக்காரர் கோமதிநாயகம். நூல் மில்லில் காவலாளி. வண்டி திருட்டுப் போன நாளிலிருந்து இரண்டு பஸ் மாறி வேலைக்குப் போகிறவர்.

"ஆர்.சி. எம் பேர்ல இருக்கு. திருட்டுக் குடுத்தது என் தப்பா? கைக்கு வந்த அன்னைக்கே இந்தப் பக்கச் சக்கரத்தப் பிடுங்கிப் போட்டுட்டு நான் பாட்டுக்கு ஓட்டிட்டுப் போயிருவேன்" என்றார்.

எஞ்சினுக்குச் சொந்தக்காரர் சாகுல் ஹமீது. டீக்கடைகளுக்கு ரஸ்க் போடுகிறவர். அவருடைய வண்டியின் உடம்பு எந்தக் காயலான் கடையில் நசுங்கியதோ, எஞ்சின் மட்டும்தான் மிச்சம். "உடம்ப அண்ணாச்சியே வச்சுக்கிடட்டும். எஞ்சினக் கழத்திக் குடுங்க சார், வேற ஒரு வண்டில மாட்டிக்கிடுதேன்."

"எஞ்சின் இல்லாம நான் உருட்டிக்கிட்டா போவேன், பாய்?"

இந்தச் சண்டை ஒருநாளோடு முடியவில்லை. கோமதிநாயகம் வேலை முடிந்து நேரே ஸ்டேஷனுக்கு வருவார். அவர் வந்துவிட்டார் என்று தெரிந்தால் சாகுலும் வருவார். ஒருவரை அனுப்பிவிட்டுத் திரும்பினால் மற்றவருக்காகக் கவுன்சிலர் போனில் இருப்பார். இதற்கிடையில் மழை பிடித்துக்கொண்டது. சீட்டு கிழிந்து, மட்கார்டில் துரு ஏறியது. அதற்கும் எபனேசரையே குறை சொன்னார்கள்.

"யாராவது இதத் திரும்பத் திருடிட்டுப் போனாக்கூடப் புண்ணியமாப் போகும்யா!" என்று ஒருநாள் கத்தியேவிட்டார். எழுத்தர் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தார்.

அன்றைக்குத்தான் பூரணவல்லியும் வந்திருந்தாள். ஆட்டோவுக்கே சம்பளம் போகிறது என்றாள். ஆசீர் சிறையில் இருக்கிறான், அவனிடம் எதைத் திருப்பிக் கேட்பது என்றாள். "எனக்கு அது இருக்கபடியே வேணும் சார். பிரிச்சிட்டா அதுல நான் ஏற முடியாது."

கோமதிநாயகம் குறுக்கிட்டார். "ஏம்மா, உம்மேல எனக்குக் கோவம் இல்ல. ஆனா அது எம் வண்டி."

"தெரியும்யா. அதனாலதான கொண்டாந்து விட்டேன்."

கோமதிநாயகம் அன்றைக்குச் சண்டையை அத்தோடு விட்டுவிட்டுக் கிளம்பினார். ஆனாலும் மறுநாள் வழக்கம்போல வந்து நின்றார்.

கடைசியில் விஷயம் மாஜிஸ்திரேட் முன்னால் போனது. அவர் சொன்னார்: "சொந்தம் யாருக்கு என்பதை வழக்கு முடிவில் பார்க்கலாம். அதுவரை வண்டி மழையில் அழிய வேண்டாம், மூவரில் ஒருவரிடம் ஒப்படைக்கலாம். ஆனால் ஆசீருக்கு எதிரான பெரிய சாட்சியமே இந்த வண்டிதான். ஒரு திருகுகூட மாறக் கூடாது. கூப்பிட்ட அன்று கொண்டுவந்து நிறுத்த வேண்டும். யாரிடம் கொடுக்கலாம் என்று காவல் துறை காரணத்தோடு எழுதித் தரட்டும்."

எபனேசர் பேனாவை எடுத்தார். ஒருவர் பெயரில் ஆர்.சி. இருக்கிறது. ஒருவருடைய எஞ்சின் இல்லாமல் வண்டி நகராது. இன்னொருத்தியிடம் சட்டம் காட்டுகிற உரிமை எதுவும் இல்லை, ஆனால் அவள் வாயைத் திறக்காமல் இருந்திருந்தால் வண்டியே கிடைத்திருக்காது. இரக்கம் ஒரு காரணமாகாது என்பதும் எபனேசருக்குத் தெரியும்.

நீங்கள் அந்த நாற்காலியில் இருந்தால் யார் பெயரை எழுதுவீர்கள்? என்ன காரணம் சொல்வீர்கள்?

விடை: எபனேசர் எழுதிய பெயர் பூரணவல்லி. கேட்கப்பட்டது வண்டி யாருடையது என்பதல்ல, வழக்கு முடியும்வரை யாரிடம் இருக்கலாம் என்பதுதான். கோமதிநாயகம் சக்கரத்தைப் பிடுங்குவார், சாகுல் எஞ்சினைக் கழற்றுவார். அவர்கள் வாயாலேயே சொன்னது அது. வண்டி உள்ளபடியே இருந்தால்தான் பயன் என்கிற ஒரே ஆள் அவள். கூப்பிட்டால் கொண்டுவருவாளா என்ற சந்தேகத்துக்கும் இடமில்லை, கூப்பிடாமலே கொண்டுவந்தவள். நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. வண்டியைத் திரும்பக் கொண்டுவருவாள் என்பதற்குச் சாகுலே அவளுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டார். கோமதிநாயகம் மட்டும் நீதிமன்ற வாசலில் எபனேசரை நிறுத்தினார். "நியாயமாத்தான் எழுதியிருக்கீங்க சார். ஆனா நாளைக்கும் நான் பஸ்லதான் போவணும்" என்றார்.